பால், வெண்ணெய் இல்லாம சோளப்பொரி குக்கீஸ் மொறுமொறுன்னு வருமா?

வரும், நல்லாவே வரும். வெண்ணெய், பால் எதுவும் சேர்க்காம சிறுதானியப் பொரி போட்டு குக்கீஸ் சுட்டா அன்னைக்கு நல்லா இருக்கு, மறுநாளே நமுத்துப் போயிடுது, என்ன பண்றதுன்னு கேட்டிருக்கீங்க. உங்க வீட்லயும் பால் ஒத்துக்காத குழந்தை ஒண்ணு இருக்கும்னு நெனைக்கிறேன், இல்லைன்னா இந்த வேலைக்கு யாரு வருவா. டயட்டுக்காகக் கேட்டிருந்தா மன்னிச்சுக்கங்க, நான் எழுதுறதுல பாதி உங்களுக்குத் தேவைப்படாது.

நான் பேக்கரிக்காரன் இல்ல, டாக்டரும் இல்ல. ஒரு தாய்மாமன், அவ்வளவுதான். அக்கா பையனுக்குக் கைக்குழந்தையா இருக்கறப்பவே பசும்பால் குடுத்தா உடம்பெல்லாம் தடிப்புத் தடிப்பா வரும், வாந்தி எடுப்பான். டாக்டர் டெஸ்ட் எடுத்துட்டு பால்ல இருக்கற புரதம் ஒத்துக்கலைன்னு சொல்லிட்டார், நிறைய பசங்களுக்கு வளர வளர சரியாயிடும், அதுவரைக்கும் பால் சம்பந்தப்பட்டது எதுவும் வேணாம்னார். அதுல இருந்து ஆரம்பிச்சது எங்க வீட்டு வாக்குவாதம். "ஒரு சொட்டு நெய் என்ன பண்ணிடப் போகுது", "ஆட்டுப்பால் குடுத்துப் பாருங்க, அது சேரும்", "லாக்டோஸ் இல்லாத பால் கடையில விக்கிறாங்களே". எத்தனை வாட்டிதான் பதில் சொல்றது? லாக்டோஸ்ங்கறது பால்ல இருக்கற சர்க்கரை, அது செரிக்கலைன்னா வயிறு உப்பும், பேதியாகும், அது வேற பிரச்சனை. இவனுக்கு ஒத்துக்காதது கேசீன் மாதிரி புரதம், லாக்டோஸை எடுத்தாலும் புரதம் பால்லயேதான இருக்கும். ஆட்டுப்பால் புரதமும் கிட்டத்தட்ட இதே ஜாடைதான், பசும்பால் சேராத முக்கால்வாசி பசங்களுக்கு அதுவும் சேராது. நெய்யில புரதம் கம்மி, ஆனா சுத்தமா இல்லைன்னு சொல்ல முடியாது. உடனே ஒருத்தர் வந்து "எங்க காலத்துல இதெல்லாம் இருந்துச்சா"ன்னு எழுதுவீங்கன்னு தெரியும். இருந்திருக்கும்ங்க, பேர் வைக்காம விட்டிருப்பாங்க.

சரி, பொரிக்கு வரேன். சோளமோ கம்போ பொரியறது எப்படின்னா, தானியத்துக்குள்ள இருக்கற கொஞ்சூண்டு ஈரம் சூட்டுல ஆவியாகி, வெளிய வர வழி இல்லாம தோலைக் கிழிச்சுக்கிட்டு வெடிக்குது. வெடிச்சப்புறம் உள்ள முழுக்க காத்து. அந்தக் காத்து இருக்கற வரைக்கும்தான் மொறுமொறுப்பு, பக்கத்துல எங்க ஈரம் இருந்தாலும் இழுத்துக்கும். நீங்க மாவுல தேங்காப்பால், வாழைப்பழம், வெல்லப்பாகுன்னு எல்லாத்தையும் ஊத்திப் பெசஞ்சுட்டு அதுல பொரியையும் போட்டு ஊற வச்சீங்கன்னா, ஓவனுக்குள்ள போறதுக்கு முன்னாடியே பொரியோட கதை முடிஞ்சுது. வெல்லமும் நாட்டுச்சர்க்கரையும் வேற காத்துல இருக்கற ஈரத்தை வாங்கும், மழை நாள்ல வெல்லம் கசியறத பாத்திருப்பீங்க. அதனால பாதி நாட்டுச்சர்க்கரை, பாதி வெள்ளைச் சர்க்கரைதான் நான் போடுறேன். வெள்ளைச் சர்க்கரை விஷம்னு சொல்றவங்க தயவுசெஞ்சு அடுத்த பதிலுக்குப் போயிடுங்க.

வெண்ணெய்க்குப் பதில் தேங்காய் எண்ணெய். இதுல ஒரு கணக்கு இருக்கு. வெண்ணெய்ல கொழுப்பு 80 சதவீதம் சொச்சம்தான், மிச்சத்துல பெரும்பாலும் தண்ணி. தேங்காய் எண்ணெய் முழுக்க கொழுப்பு. அதனால ரெசிபியில வெண்ணெய் 100 கிராம்னு இருந்தா எண்ணெய் 80 கிராம் போதும், அப்படியே 100 கிராம் ஊத்தினா குக்கீ தட்டுல பரந்து அப்பளமாட்டம் ஆயிடும். அப்புறம் தேங்காய் எண்ணெய் 24 டிகிரிக்கு மேல போனாலே உருகிடும், நான் இருக்கறது சேலம், இங்க மார்கழி விடியக்காலையத் தவிர மத்த நேரமெல்லாம் தண்ணியாத்தான் கிடக்கும். பெசஞ்ச மாவை உருட்டித் தட்டி ஃப்ரிட்ஜ்ல அரை மணி நேரம் வச்சுட்டு நேரா ஓவனுக்குள்ள தள்ளுங்க, அப்பதான் ஷேப் நிக்கும்.

என் அளவு இது: கோதுமை மாவு 100 கிராம், கேழ்வரகு மாவு 50 கிராம், சர்க்கரை ரெண்டும் சேத்து 75 கிராம், தேங்காய் எண்ணெய் 80 கிராம், தேங்காப்பால் ரெண்டு டேபிள்ஸ்பூன், அரை டீஸ்பூன் பேக்கிங் பவுடர், உப்பு, ஏலக்காய், சோளப்பொரி 40 கிராம். பொரியை முதல்ல வெறும் கடாயில சூடு ஏத்தி, கைல நசுக்கினா நொறுங்கற பதத்துக்கு வறுத்து, பொரியாத முத்தை எல்லாம் சலிச்சு எடுத்துடுங்க (பல்லு பத்திரம்), ஒண்ணு ரெண்டா நசுக்கிட்டு அந்த எண்ணெயில இருந்தே ஒரு ஸ்பூன் விட்டுப் பிசிறி வைங்க. மேல எண்ணெய் பூசியிருந்தா ஈரம் அவ்வளவு சீக்கிரம் உள்ள போகாது. இதுதான் மெயின், மத்ததெல்லாம் சாதா குக்கீ வேலை. மாவை முழுசா பெசஞ்சு முடிச்சப்புறம் கடைசியா பொரியைப் போட்டு ரெண்டு புரட்டு. 160 டிகிரியில 15, 18 நிமிஷம், ஓரம் செவக்கணும். எடுத்ததும் மெத்துன்னுதான் இருக்கும், பயப்படாதீங்க, கம்பி ஸ்டாண்டுல அடியில காத்து போற மாதிரி ஆற விட்டா இறுகும். சூட்டோட டப்பால போட்டா ஆவி உள்ளயே நின்னு மறுநாள் உங்க கதைதான்.

சின்னப் பசங்களுக்குக் குடுக்கறதா இருந்தா பொரியை இன்னும் பொடியா நசுக்குங்க, முழுப் பொரி தொண்டையில சிக்கும். முழுதானியம்தான் முக்கியம்னா பாக்கெட்ல வர்ற வெள்ளை அரிசிப்பொரி வாங்காதீங்க, அது தவிடு எடுத்த அரிசி. சோளமும் கம்பும் தோலோட பொரியறது. கார்த்திகை தீபத்துக்கு உருண்டை பிடிக்கறோமே நெல்பொரி, அதுவும் தீட்டாத அரிசிதான், உமியைப் பொறுமையா பொறுக்கணும், எங்க அம்மாயி முறத்துல புடைச்சு நொடியில எடுத்துடும், எனக்கு அந்தக் கை வராது.

கடையில வாங்குற சாமான்ல கவனம். பச்சைப் புள்ளி இருந்தா பால் இல்லைன்னு நிறைய பேர் நம்பிட்டு இருக்காங்க. அது சைவம்னுதான் அர்த்தம், பால் பவுடர் தாராளமா இருக்கும். வெண்ணெய்க்குப் பதிலா விக்கிற சில மார்ஜரின்ல பால் பொருள் உண்டு, காபிக்குப் போடற 'நான் டெய்ரி' க்ரீமர்ல கூட கேசீனேட்னு பொடி எழுத்துல இருக்கும், அதுவும் பால் புரதம்தான். அலர்ஜி விவரம்னு பாக்கெட்ல தனியா ஒரு வரி போட்டிருப்பாங்க, அதைப் படிங்க. 2023ஐ ஐநா சர்வதேச சிறுதானிய ஆண்டுன்னு அறிவிச்சாலும் அறிவிச்சாங்க, எல்லா பேக்கரியிலயும் மில்லட் குக்கீஸ் வந்துருச்சு. பாக்கெட்டைத் திருப்பிப் பாத்தா முதல் பேரு மைதா. எது எடை ஜாஸ்தியோ அதைத்தான் முதல்ல எழுதணும், அப்ப கம்பு எவ்வளவு இருக்கும்னு நீங்களே யோசிச்சுக்கங்க.

போன வருஷம் அக்கா வீட்ல ஒரு காதுகுத்து. இவனுக்குன்னு தனியா ஒரு எவர்சில்வர் டப்பா நிறைய சுட்டு எடுத்துட்டுப் போயிருந்தேன். பந்தி நடக்கறப்ப மாமா சைடு பெரியவர் ஒருத்தர் எல்லார் முன்னாடியும், "ஏம்பா, பொண்ணு பாக்கச் சொன்னா நீ பிஸ்கட் சுட்டுக்கிட்டு இருக்கியாமே"ன்னார். எல்லாரும் சிரிச்சாங்க, நானும் சிரிச்சேன், வேற என்ன பண்றது. கொஞ்ச நேரம் கழிச்சுப் பாத்தா அதே மனுஷன் டப்பாவைத் தொறந்து வச்சுக்கிட்டு, இதுல நெய் நல்லா போட்டிருக்காங்கன்னு பக்கத்துல இருந்தவர்கிட்ட சர்டிபிகேட் குடுத்துக்கிட்டு இருக்கார். நான் எதுவும் சொல்லல. அக்காவோட மாமியார்தான், "அண்ணா, அது புள்ளைக்கு வச்சது, நெய்யும் இல்ல ஒண்ணும் இல்ல, எங்க தம்பி தேங்காண்ணெயில பண்ணுனது"ன்னு டப்பாவை வாங்கி உள்ள கொண்டு போனாங்க. ஒரு சொட்டு நெய் என்ன பண்ணிடும்னு ஆரம்பத்துல சண்டை போட்டது இதே அத்தைதான். எனக்கு அது போதும்.

இதையும் சொல்லிடறேன், சம்பந்தம் இல்லைன்னாலும். நான் குடியிருக்கறது வாடகை வீடு. வீட்டுக்காரர் கரண்ட்டுக்குத் தனி மீட்டர் வச்சு யூனிட்டுக்கு இவ்வளவுன்னு வாங்குறார், கவர்மெண்ட் வீட்டுக் கரண்ட்டுல கொஞ்சம் யூனிட் ஃப்ரீ குடுக்குதே, அது யார் கணக்குல போகுதுன்னு கேட்டா முகம் மாறுது. ஓடிஜி, அதான் கரண்ட்ல ஓடுற சின்ன ஓவன், வாங்கினதுல இருந்து, "தம்பி, ஓட்டல் கீட்டல் வச்சிருக்கீங்களா"ன்னு மாடிப்படியில நின்னு கேக்குறார். 1500 வாட்ஸ் ஓவன் ஒரு மணி நேரம் நிக்காம எரிஞ்சாலே ஒன்றரை யூனிட்தான், அதுவும் சூடு ஏறினதும் தானா அணைஞ்சு அணைஞ்சு எரியும். இதைச் சொன்னா எதிர்த்துப் பேசறானாம். வாசம் மட்டும் மேல வரைக்கும் வருதுன்னு ரெண்டு குக்கீ கேட்டு ஆள் அனுப்புவார்.

ஓடிஜி இல்லாதவங்க அடிகனமான கடாயில கல் உப்பைப் பரப்பி, நடுவுல ஒரு ஸ்டாண்ட் வச்சு, மூடி போட்டு 10 நிமிஷம் சூடு பண்ணிட்டு அப்புறம் தட்டை வைங்க. தீ சின்னதா இருக்கணும், நேரம் கொஞ்சம் கூட ஆகும், அடிப்பக்கம் சீக்கிரம் செவந்துடும், நடுவுல ஒரு தடவை எட்டிப் பாத்துக்கங்க. முட்டையும் சேராதுன்னா கவலையே இல்ல, இதுல முட்டை கிடையாது. கோதுமையும் சேராதுன்னா சொல்லுங்க, அதுக்கு மாவு விட்டுப் போகாம இருக்க ஆளி விதையை ஊற வச்சுச் சேக்கணும், அளவெல்லாம் மாறும், தனியா எழுதுறேன்.