நிலத்தடி நீராவி தீர்ந்து போகாதா?

கேள்வி: பூமிக்குள் இருக்கும் சூட்டில் மின்சாரம் எடுப்பதைப் புதுப்பிக்கத்தக்கது என்கிறார்களே, எடுக்க எடுக்கக் குறைந்துவிடாதா?
- ஒரு வாசகி, தஞ்சாவூர்

பதில்: சூடு அவ்வளவு சீக்கிரம் தீராது. தண்ணீர்தான் தீரும், இதைப் பலரும் கவனிப்பதில்லை. கலிபோர்னியாவில், சான் பிரான்சிஸ்கோவுக்கு வடக்கே மலைப்பகுதியில் ‘தி கெய்சர்ஸ்’ என்று ஓர் இடம் இருக்கிறது, இந்த வகையில் உலகத்திலேயே பெரிய மின் வளாகம் அதுதான். அங்கே ஆழ்துளைக் கிணறு போட்டால் வெந்நீர்கூட இல்லை, நேராக நீராவியே வரும். அதைக் குழாயில் கொண்டுபோய் டர்பைனைச் சுற்றவிட்டு, 1960-ல் மின்சாரம் விற்கத் தொடங்கினார்கள். நன்றாக ஓடுகிறதே என்று கிணறுக்கு மேல் கிணறாகப் போட்டார்கள். ஆனால் டர்பைனைச் சுற்றிய நீராவியில் பெரும்பகுதி கூலிங் டவர் வழியாக ஆவியாகிக் காற்றோடு போய்விடும், உள்ளே திரும்பிப் போவது கொஞ்சம்தான். 1980-களின் கடைசியில் நீராவியின் அழுத்தம் மளமளவென்று இறங்கியது, மின் உற்பத்தியும் கூடவே இறங்கியது. பாறை என்னவோ அதே சூட்டில்தான் இருந்தது.

அப்புறம் செய்ததுதான் எனக்கு மிகவும் பிடித்த விஷயம். பக்கத்து ஊர்களின் சாக்கடைத் தண்ணீரைச் சுத்திகரித்து, மலைமேல் ஏற்றி, அந்தப் பாறைக்குள் செலுத்தினார்கள். 1997-ல் லேக் கவுண்டியிலிருந்து ஒரு குழாய், 2003-ல் சான்டா ரோசா நகரத்திலிருந்து இன்னொன்று. ஊருக்குக் கழிவு நீர்த் தொல்லை தீர்ந்தது, நீராவி சரிவதும் மட்டுப்பட்டது. இப்படித் தண்ணீர் செலுத்துவதால் அங்கே சின்னச் சின்ன நில அதிர்வுகள் வருகின்றன, அதையும் சொல்லியாக வேண்டும்.

கேள்வி: சுமாரான சூட்டில் வெந்நீர் மட்டும் கிடைத்தால் பயனில்லையா?
- கல்லூரி மாணவர், விருதுநகர்

பதில்: பயன் உண்டு. ஐசோபியூட்டேன் போல, தண்ணீரைவிடக் குறைந்த சூட்டிலேயே கொதிக்கும் திரவத்தை வேறு குழாயில் ஓடவிட்டு, வெந்நீரின் சூட்டை மட்டும் அதற்குக் கொடுத்தால் போதும். திரவம் ஆவியாகி டர்பைனைச் சுற்றும், வெந்நீர் மறுபடி நிலத்துக்குள்ளே போகும். அமெரிக்காவின் அலாஸ்காவில் சீனா (Chena, சீன நாடு அல்ல) என்ற வெந்நீர் ஊற்று ஊரில் 2006 முதல் சுமார் 74 டிகிரி செல்சியஸ் தண்ணீரிலேயே மின்சாரம் எடுக்கிறார்கள். நம் நாட்டில் லடாக்கின் புகா பள்ளத்தாக்குதான் முதல் நம்பிக்கை. அங்கே மின்சாரம் எடுக்க 2021-ல் ஓஎன்ஜிசி ஒப்பந்தம் போட்டது.