பழைய பிரிட்டிஷ் சினிமால அதிகம் யாருக்கும் தெரியாத, ஆனா உங்களுக்குப் பிடிச்ச நடிகை யார்?

ஜோன் பாரி. பேரைச் சொன்னா யாருன்னு கேப்பீங்க, ஆனா டைரக்டர் ஹிட்ச்காக்கோட பழைய படங்களைத் தேடிப் பிடிச்சு பாக்குற ஆளா இருந்தா இவங்க குரலைக் கண்டிப்பா கேட்டிருப்பீங்க.

1929ல ஹிட்ச்காக் 'பிளாக்மெயில்' எடுக்குறார். ஊமைப் படமாத்தான் ஆரம்பிச்சாங்க, நடுவுல கம்பெனிக்கு சவுண்ட் மெஷின் வந்துடுச்சு, சரி பேசும் படமா மாத்திடலாம்னு நிறைய சீனைத் திரும்ப எடுக்க வேண்டியதாப் போச்சு. இதுல சிக்கல் என்னன்னா ஹீரோயின் ஆனி ஓண்ட்ரா பிராக்ல வளர்ந்தவங்க, வாயைத் திறந்தா வெளிநாட்டுக்காரின்னு தெரிஞ்சிடும், கேரக்டரோ லண்டன்ல புகையிலைக் கடை வச்சிருக்கவர் பொண்ணு. அப்புறமா டப்பிங் பண்ணிக்கலாம்னா அந்த வசதி அப்போ இல்ல. அதனால ஜோன் பாரியை கேமரா கண்ணுல படாம ஓரமா மைக் முன்னாடி நிக்க வச்சு, இவங்க பேசப் பேச ஓண்ட்ரா வாயை மட்டும் அசைச்சாங்க, ஷூட்டிங் நடக்கும்போதே லைவா! டைட்டில்ல ஜோன் பாரி பேரே கிடையாது.

எனக்கு இதுல செம காமெடியாத் தெரியுறது, இவங்க இங்கிலீஷ் பெரிய பங்களா வீட்டுப் பொண்ணு இங்கிலீஷ். கடைக்காரர் பொண்ணு எங்க அப்படிப் பேசப் போகுது? ஓண்ட்ராவும் ஹிட்ச்காக்கும் பேசுற ஒரு சவுண்ட் டெஸ்ட் யூடியூப்ல கிடைக்கும், கேட்டுப் பாருங்க, ஓண்ட்ராவோட சொந்தக் குரல் ஒண்ணும் அவ்வளவு மோசம் இல்ல.

சரி, வெறும் குரல் மட்டும்தானான்னா இல்ல. 1931ல அதே ஹிட்ச்காக் 'ரிச் அண்ட் ஸ்ட்ரேஞ்ச்'ல இவங்களையே ஹீரோயினாப் போட்டார். திடீர்னு காசு கிடைச்சு கப்பல்ல உலகம் சுத்தப் போற புருஷன் பொண்டாட்டி கதை, ஆளுக்கு ஒரு பக்கம் மனசு அலைபாயுது. கடைசில கப்பல் மூழ்கப் போய் சீனப் பாய்மரக் கப்பல்காரங்க காப்பாத்தி சோறு போடுறாங்க, ரெண்டு பேரும் ரசிச்சு சாப்பிட்டு முடிச்சதும்தான் அங்க பூனைத் தோலை ஆணியடிச்சு காயப் போடுறதைப் பாக்குறாங்க. படம் ஓடல. ஆனா புருஷனா வர்ற ஹென்றி கெண்டல் கத்திக் கத்தி நடிக்கும்போது இவங்க அமைதியா வந்து படத்தையே தூக்கிட்டுப் போயிடுவாங்க, என்னைக் கேட்டா அந்தப் படத்தைப் பாக்கவே இவங்கதான் காரணம்.

அடுத்த வருஷம் 'ரோம் எக்ஸ்பிரஸ்'ல கள்ளக் காதலனோட ரயிலேறுற பொண்ணா வந்தாங்க, 1933க்கு அப்புறம் படமே இல்ல. 30 வயசுதான் அப்போ. ஹென்றி டியார்க்ஸ்னு பெரிய பேங்க் குடும்பத்துக்காரரைக் கட்டிக்கிட்டாங்க, மக ஹென்ரியெட்டா பின்னாடி பெட்ஃபோர்ட் டச்சஸ், அதாவது பெட்ஃபோர்ட் பிரபுவோட மனைவி ஆனாங்க, இவங்க 1989 வரைக்கும் இருந்தாங்க.

பாக்குறதா இருந்தா முதல்ல 'ரிச் அண்ட் ஸ்ட்ரேஞ்ச்' பாருங்க. 'பிளாக்மெயில்' தேடும்போது மட்டும் கவனம், அதுக்கு ஊமைப் படப் பதிப்பும் ஒண்ணு இருக்கு, அதைப் போட்டுட்டு குரல் எங்கன்னு என்னைக் கேக்காதீங்க.