கல்லாவில் பேசும் பெட்டி

அன்புள்ள அக்காவுக்கு,

ஆறு மாத யூஎக்ஸ் (யூசர் எக்ஸ்பீரியன்ஸ், அதாவது பயன்படுத்துபவரின் அனுபவம்) டிசைன் கோர்ஸ் முடித்திருக்கிறேன். ஃபிக்மா என்ற டிசைன் மென்பொருளில் ஆப் திரைகளை நன்றாகவே வரைவேன். போன வாரம் இன்டர்வியூவில், "திரையே இல்லாத எதையாவது டிசைன் செய்திருக்கிறீர்களா?" என்று கேட்டார்கள். விழித்தேன். திரை இல்லையென்றால் அங்கே நமக்கு என்ன வேலை?

க., திருச்சி

அன்புள்ள க.,

நல்ல கேள்விதான் கேட்டிருக்கிறார்கள். அடுத்த முறை டீக்கடைக்குப் போகும்போது கல்லா மேல் இருக்கும் யூபிஐ ஸ்பீக்கரைக் கவனியுங்கள்.

எங்கள் தெருமுனைக் கடையில் காலை ஏழு மணிக்கு எப்போதும் எட்டுப் பேர் நிற்பார்கள். மாஸ்டருக்கு ஒரு கையில் வடிகட்டி, இன்னொரு கையில் கிளாஸ். போனை எடுத்துப் பார்க்க நேரமில்லை. நாம் காட்டும் பச்சை டிக்கை நம்பவும் முடியாது, அது நேற்றைய ஸ்கிரீன்ஷாட்டாக இருக்கலாம். பெட்டி "பதினைந்து ரூபாய் பெறப்பட்டது" என்கிறது. அவர் திரும்பாமலே தலையாட்டுகிறார். அவ்வளவுதான், கணக்கு முடிந்தது. எந்த மொழியில் பேசுவது, பஸ் ஹாரனைத் தாண்டிக் கேட்க எவ்வளவு சத்தம் வேண்டும், வைஃபை இல்லாத கடையில் எப்படி இயங்கும் (அதற்காகத்தான் உள்ளே சிம்) என்பதையெல்லாம் ஒருவர் உட்கார்ந்து யோசித்திருக்கிறார். அதுவும் உங்கள் வேலைதான்.

1993இல் ஆப்பிளில் சேர்ந்த டிசைன் நிபுணர் டான் நார்மன் தன் பதவிப் பெயரிலேயே 'யூசர் எக்ஸ்பீரியன்ஸ்' என்று வைத்துக்கொண்டார். கருவியின் வடிவம், கையாளும் விதம், கூடவே வரும் கையேடு எல்லாவற்றையும் சேர்த்துத்தான் அப்படிச் சொன்னார்.

சரி, பெட்டி பேசாவிட்டால்? நம் கணக்கில் பணம் கழிந்துவிட்டது, மாஸ்டர் நம் முகத்தைப் பார்க்கிறார், பின்னால் ஆட்கள் நிற்கிறார்கள். எனக்கு இது நடந்திருக்கிறது. அந்த ஒரு நிமிடக் கூச்சம் இன்னும் மறக்கவில்லை. கடைக்குப் போய்ச் சேராத பணம் ஐந்து நாளுக்குள் தானாகத் திரும்ப வேண்டும், தாண்டினால் நாளுக்கு 100 ரூபாய் நஷ்டஈடு என்று ரிசர்வ் வங்கி 2019 செப்டம்பரில் விதி போட்டது. என்னைக் கேட்டால், அந்த விதியும் யூஎக்ஸ்தான். அதை அந்த நிமிடத்தில், பதறி நிற்பவருக்குப் புரிகிற தமிழில் ஒரே வரியில் சொல்வது இன்னொரு யூஎக்ஸ். பெரும்பாலும் கோட்டை விடுவது அங்கேதான்.

ஒரு காலை நோட்டோடு போய் அந்தக் கடை பெஞ்சில் உட்காருங்கள். யாராவது "என் கணக்குல போயிடுச்சே" என்று நிற்கும்போது இருவரும் பேசிக்கொள்வதை அப்படியே எழுதுங்கள். எழுதியதை எனக்கும் அனுப்புங்கள், சேர்ந்து பார்ப்போம்.

அன்புடன்,
அக்கா