வந்து நாலு மாசமாச்சு, இன்னும் விருந்தாளி மாதிரியே இருக்கிறார்

கேள்வி: யாங்கூனில் இருக்கிறோம். 2019 கடைசியில் மலேசியாவுக்கு வேலைக்குப் போன என் வீட்டுக்காரர் ஐந்தரை வருஷம் கழித்து வந்திருக்கிறார். என்ன பேசினாலும் "இவ்வளவு அனுப்பினேனே, எங்கே போச்சு?" என்பதில்தான் முடிகிறது. நாங்கள் பழையபடி ஆக என்ன செய்யலாம்?

பதில்: தங்கச்சி, முதலில் பணத்தைப் பேசிவிடுவோம், ஏனென்றால் இதில் உங்கள் இரண்டு பேர் மேலும் தப்பில்லை. அவர் போனபோது ஒரு டாலருக்கு 1,500 கியாட் சொச்சம்தான், 2024-இல் வெளிச்சந்தையில் 4,000-ஐத் தாண்டிவிட்டது. அங்கே உண்டியல்காரர் (பேங்க் வழியாக இல்லாமல் ஊருக்குப் பணம் அனுப்பித் தருகிறவர்) "ரேட் ஏறியிருக்கு" என்று சொல்லும்போதெல்லாம் வீட்டுக்குக் கூடுதலாகப் போகிறது என்றுதான் அவர் நினைத்திருப்பார், அந்தக் கூடுதலை அரிசியும் எண்ணெயும் விழுங்கியதைப் பார்த்தது நீங்கள் மட்டும்தான். வாயால் விளக்க வேண்டாம். பழைய கடைச்சீட்டு, பள்ளிக்கூட ரசீது எது கிடைக்கிறதோ எடுத்து வைத்து, 2020-இல் ஒரு மூட்டை அரிசி என்ன விலை, இப்போது என்ன விலை என்று அவரையே எழுதச் சொல்லுங்கள். அடுத்த மாசம் கடைக்கும் அவரே போகட்டும்.

பழையபடி என்பது நடக்காது, அதை விடுங்கள். எனக்குத் தெரிந்த வீடுகளில் நடப்பது இதுதான்: நடுராத்திரி கரண்ட் வந்ததும் அவள் அரைத்தூக்கத்தில் ஓடி மோட்டாரைப் போடுவாள், பேட்டரியைச் சார்ஜில் வைப்பாள், அவரோ கட்டிலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பார். எந்த சுவிட்ச் எதற்கு என்றே தெரியாது, கேட்கவும் கூச்சம். உங்கள் வீட்டிலும் அப்படியென்றால் மோட்டார் வேலையை முழுசாக அவரிடம் கொடுத்துவிடுங்கள். ஒருநாள் தொட்டி வழிந்தால் வழியட்டும், வாயைத் திறக்காதீர்கள் (கஷ்டம்தான்!).

அப்புறம், "அப்பா செத்தப்பகூட வரலையே" மாதிரி ஏதாவது உங்கள் மனசிலும் இருக்கும். 2020 மார்ச் கடைசியிலிருந்து 2022 ஏப்ரல் வரை வழக்கமான விமானமே கிடையாது, அவரும் அங்கே தனியாக அழுதிருப்பார். ஏன் வரவில்லை என்று கேட்காமல், அங்கே யார் சமைத்தது, பக்கத்துப் படுக்கையில் யார் இருந்தார் என்று கேளுங்கள், அதுவும் எதிரே உட்கார்ந்து விசாரணை மாதிரி இல்லாமல், இரண்டு பேரும் வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கும்போது.

படுக்கை விஷயத்தில் அவசரமே வேண்டாம். பிள்ளை நடுவில் படுத்துப் பழகியிருந்தால் முதலில் ஓரத்துக்கு மாற்றுங்கள், மற்றது தானாக வரும்.

ஆனால் கை நீட்டுகிறார் என்றால் இதில் எதையும் முயற்சி செய்யாதீர்கள், பிள்ளைகளோடு அம்மா வீட்டுக்குப் போய்விட்டு எனக்கு மறுபடி எழுதுங்கள்.