சிம்பன்சி நமக்கு என்ன உறவு? கேள்வி பதில்

கேள்வி: மனிதன் சிம்பன்சியிலிருந்து வந்தான் என்றால், சிம்பன்சிகள் ஏன் இன்னும் இருக்கின்றன?

பதில்: எதிர்பார்த்த கேள்விதான், முதலிலேயே வந்துவிட்டது. நாம் சிம்பன்சியிலிருந்து வரவில்லை. உங்கள் பெரியப்பா மகனுக்கு நீங்கள் பிறக்கவில்லை, ஆனால் இருவருக்கும் தாத்தா ஒருவர்தான் இல்லையா? சிம்பன்சி அப்படி ஒரு பங்காளி. நம் பொது மூதாதை ஆப்பிரிக்காவில் ஏறத்தாழ 60, 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த வாலில்லாக் குரங்கினம். அது இன்று இல்லை.

கேள்வி: அந்த மூதாதை பார்க்க சிம்பன்சி மாதிரிதானே இருந்திருக்கும்?

பதில்: படம் வரைகிறவர்கள் அப்படித்தான் வரைகிறார்கள். ஆனால் பிரிந்த பிறகு நாம் மாறிய அதே காலம் முழுக்க சிம்பன்சியும் மாறிக்கொண்டுதான் வந்திருக்கிறது. எத்தியோப்பியாவில் கிடைத்த 'ஆர்டி' என்ற எலும்புக்கூட்டைப் பாருங்கள், வயது 44 லட்சம் ஆண்டுகள். கிளையைப் பிடிக்கத் தோதாகக் கால் பெருவிரல் தனியே விலகி நிற்கிறது. அதே சமயம் தரையில் நிமிர்ந்து நடந்த அடையாளங்கள் இடுப்பெலும்பில் இருப்பதாக அதை ஆராய்ந்தவர்கள் சொன்னார்கள். சிம்பன்சி போல விரல் முட்டிகளை ஊன்றி நடந்த தடயம் கையில் இல்லை என்றும் சொன்னார்கள். இதை ஏற்காதவர்களும் உண்டு. மூதாதை அச்சு அசல் சிம்பன்சியாக இருந்திருக்காது என்பதே என் கட்சி.

கேள்வி: நம் டிஎன்ஏவுக்கும் சிம்பன்சியின் டிஎன்ஏவுக்கும் ஒரு இடத்தில் 99 சதவீத ஒற்றுமை என்கிறார்கள், இன்னொரு இடத்தில் 96 என்கிறார்கள். எது சரி?

பதில்: இரண்டுமே. சிம்பன்சியின் முழு டிஎன்ஏ வரிசை 2005-ல் வெளியானது. அதையும் நம்முடையதையும் பக்கத்தில் வைத்து எழுத்துக்கு எழுத்து (டிஎன்ஏவின் வேதி அலகுகளைத்தான் எழுத்து என்கிறோம்) ஒப்பிட்டால் வித்தியாசம் 1.23 சதவீதம். ஒன்றில் இருந்து மற்றொன்றில் இல்லாத துண்டுகளையும் சேர்த்தால் 4 சதவீதம் வரை போகும். எப்படி எண்ணுகிறோம் என்பதைப் பொறுத்தது. என்னைக் கேட்டால், இந்த எண்ணுக்குக் கொடுக்கும் மரியாதை அதிகம். சுமார் 300 கோடி எழுத்துகளில் ஒரு சதவீதம் என்றாலே மூன்று கோடி! மேரி-கிளேர் கிங், ஆலன் வில்சன் என்ற ஆய்வாளர்கள் இருவரும் 1975-லேயே ஒன்று சொன்னார்கள்: புரதங்கள் இரண்டு இனத்திலும் கிட்டத்தட்ட ஒன்றே, எந்த மரபணு எப்போது, எங்கே, எவ்வளவு வேலை செய்கிறது என்பதில்தான் பெரிய வேறுபாடு இருக்க வேண்டும்.

கேள்வி: டிஎன்ஏ சுருண்டிருக்கும் இழைகளான குரோமோசோம்கள் நமக்கு 46, சிம்பன்சிக்கு 48. இரண்டு காணாமல் போய்விட்டதா? இது பரிணாமத்துக்கு எதிரான ஆதாரம் என்று என் நண்பன் வாதிடுகிறான்.

பதில்: உங்கள் நண்பர் தெரியாமல் எதிர்க்கட்சிக்கு வாதாடிவிட்டார். சிம்பன்சி, கொரில்லா, ஒராங்குட்டான் எல்லாவற்றுக்கும் 48. ஆகவே மாற்றம் நம் கிளையில் நடந்திருக்க வேண்டும். இரண்டு குரோமோசோம்கள் ஒட்டி ஒன்றாகியிருந்தால் தடயம் இருக்க வேண்டுமே? இருக்கிறது. குரோமோசோமின் முனைகளில் டிடிஏஜிஜிஜி என்ற ஆறு எழுத்துகள் திரும்பத் திரும்ப வரும். முனையில் இருக்க வேண்டிய இந்த வரிசை நம் 2-ஆம் குரோமோசோமின் நடுப்பகுதியில் எதிரெதிராக மோதி நிற்பதை 1991-ல் கண்டுபிடித்தார்கள், சற்றுச் சிதைந்த நிலையில். அது மட்டுமா, ஒரு குரோமோசோமுக்கு ஒரு சென்ட்ரோமியர்தான் (செல் பிரியும்போது குரோமோசோமை இழுக்கப் பிடிமானமாகும் பகுதி) இருக்கும். இதிலோ வேலை செய்யும் ஒன்றும், செயலிழந்த இன்னொன்றின் மிச்சமும் இருக்கின்றன. சிம்பன்சியின் இரண்டு தனிக் குரோமோசோம்களை முனையோடு முனை வைத்துப் பார்த்தால் நம்முடைய 2-ஆவதோடு பொருந்துகிறது.

கேள்வி: சரி, முதன்முதலில் அப்படி ஒட்டிப் பிறந்தவருக்கு 47 இருந்திருக்குமே. அவருக்கு எப்படிக் குழந்தை பிறந்திருக்கும்?

பதில்: நல்ல சந்தேகம். இன்றும் ஆயிரத்தில் ஒருவருக்கு, வேறு குரோமோசோம்கள் ஒட்டிக்கொண்டு, 45 தான் இருக்கின்றன. பெரும்பாலானவர்களுக்கு அது தெரியவே தெரியாது, ஏனென்றால் தேவையான மரபணுக்கள் எல்லாம் அப்படியே இருக்கின்றன. கருச்சிதைவு வாய்ப்பு கொஞ்சம் கூடும், ஆனால் ஆரோக்கியமான பிள்ளைகளும் பிறக்கிறார்கள். சிறிய கூட்டத்தில் உறவினர்களுக்குள் இணை சேரும்போது இரு பக்கமும் ஒட்டிய குரோமோசோம் பெற்ற பிள்ளை பிறக்கலாம். அவருக்கு 46.

கேள்வி: கொரில்லாவும் சிம்பன்சியும் ஒரே ஜாடை. அவை இரண்டும்தானே நெருங்கிய சொந்தம்?

பதில்: ஜாடை ஏமாற்றும். கொரில்லா முதலில் பிரிந்தது, அதன் பிறகுதான் நாமும் சிம்பன்சியும் பிரிந்தோம். சிம்பன்சிக்குக் கொரில்லாவை விட நாம் நெருக்கம். இதிலும் ஒரு சிக்கல் உண்டு. கொரில்லாவின் டிஎன்ஏ வரிசை 2012-ல் வந்தபோது, சுமார் 30 சதவீதப் பகுதிகளில் மனிதனும் சிம்பன்சியும் ஒன்றுக்கொன்று நெருங்கியிருப்பதை விடக் கொரில்லா அவற்றில் ஏதாவது ஒன்றுக்கு நெருங்கியிருந்தது. பழைய கூட்டத்தில் ஏற்கெனவே இருந்த பலவகை மரபணு வடிவங்கள் தற்செயலாகப் பங்குபிரிந்ததால் வந்த குழப்பம் அது.

கேள்வி: போனபோ?

பதில்: சிம்பன்சியைப் போன்ற வாலில்லாக் குரங்கு, காங்கோ ஆற்றின் தென்கரையில் வாழும் இன்னொரு பங்காளி. சிம்பன்சியிடமிருந்து பிரிந்து 10 முதல் 20 லட்சம் ஆண்டுகள். நமக்கு இரண்டும் ஒரே தூரம்.

கேள்வி: மனிதப் புதைபடிவங்கள் இவ்வளவு கிடைக்கின்றன, சிம்பன்சியினுடையது எங்கே?

பதில்: ஈரக் காட்டின் அமில மண்ணில் எலும்பு நிலைப்பது அபூர்வம். சிம்பன்சியின் புதைபடிவம் என்று முதன்முதலாக அறிவிக்கப்பட்டதே 2005-ல்தான். கென்யாவில் கிடைத்தவை, வயது சுமார் 5 லட்சம் ஆண்டுகள். கிடைத்தது என்னவோ சில பற்கள் மட்டுமே.