மாப்பிள்ளை ஊர்வலத்துக்குப் பின்னால் தெரியும் தெரு

ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சிகளைத் தேடி, உரிமை வாங்கித் தருவது என் வேலை. படம் எடுக்கத் தொடங்கியிருக்கும் வடசென்னைத் தம்பி தங்கைகள் கேட்டவையும் என் பதில்களும் இவை.

வியாசர்பாடி: அக்கா, யூடியூபிலேயே எல்லாம் கிடைக்கிறதே, தேட ஓர் ஆள் எதற்கு?

கிடைப்பது வேறு, அது என்னவென்று தெரிவது வேறு. நான் முதலில் படத்தின் ஓரத்தைத்தான் பார்ப்பேன். கடைப் பலகை, வண்டி நம்பர், பஸ். பஸ்ஸில் அன்றைய சென்னை அரசு பஸ் கழகத்தின் பெயரான 'பல்லவன்' என்று எழுதியிருந்தால் அது 1972-க்கு முந்தையதாக இருக்க முடியாது. எங்கே, எப்போது, யார் எடுத்தது என்று தெரியாத காட்சியை இயக்குநரிடம் காட்டவே மாட்டேன். அவருக்குப் பிடித்துவிட்டால் அப்புறம் எடிட்டிங்கிலிருந்து பிடுங்க முடியாது.

ராயபுரம்: 1914-ல் ஜெர்மன் போர்க்கப்பல் எம்டன் சென்னையில் குண்டு போட்ட காட்சி கிடைக்குமா?

எரிந்த எண்ணெய்த் தொட்டிகளின் புகைப்படங்கள் உண்டு. இரவில் திடீரென்று வந்த கப்பலை எவரும் கேமராவோடு காத்திருந்து எடுக்கவில்லை. வேறு போர்க்கப்பல் சுடுவதை ஒட்டிவிடாதீர்கள், அது பொய். 'சரியான எம்டன்' என்று இன்னும் சொல்லும் ஒரு பெரியவரின் குரலை அங்கே வையுங்கள்.

பெரம்பூர்: பின்னி மில் பற்றி எடுக்கிறேன். எங்கே தேடுவது?

அரசுக்காகச் செய்திப்படங்களும் ஆவணப்படங்களும் எடுத்த பிலிம்ஸ் டிவிஷன் தொடங்கியதே 1948-ல். எனவே அந்த மில்லின் 1921 வேலைநிறுத்தத்துக்குப் பழைய நாளிதழ்களையும் புகைப்படங்களையும் தேடுங்கள். மில் மூடிய 1996-ஐ ஒட்டிய காலத்துக்கு, அங்கே வேலை பார்த்தவர்கள் வீட்டு பீரோவில் கல்யாண கேசட் இருக்கிறதா என்று கேளுங்கள். மாப்பிள்ளை ஊர்வலத்தை எடுத்தவர் தெருவையும் சேர்த்துத்தானே எடுத்திருப்பார்! ஆனால் பூஞ்சை பிடித்த டேப்பை அப்படியே பிளேயரில் போடாதீர்கள். ஒரு ஸ்டூடியோவில் என் கண்முன்னே ஒரு குடும்பத்தின் டேப் அறுந்தது. இறந்துபோன அப்பா நடந்து வரும் இடம் அது. அந்த அம்மாவின் முகத்தை இன்னும் மறக்க முடியவில்லை.

திருவொற்றியூர்: காட்சிக்கு எவ்வளவு கேட்பார்கள்?

எத்தனை நொடி, எந்தெந்த நாட்டில், திரைவிழாவுக்கா ஓடிடிக்கா என்பதைப் பொறுத்தது. முதலில் வாட்டர்மார்க் போட்ட பிரதியை வாங்கி எடிட் செய்யுங்கள். கடைசியில் நிற்கும் நொடிகளுக்கு மட்டும் பணம் கட்டினால் போதும்.

காசிமேடு: கல்யாண வீடியோவுக்கு யாரிடம் அனுமதி வாங்க வேண்டும்?

வேறு ஒப்பந்தம் இல்லையென்றால், காசு கொடுத்து எடுக்கச் சொன்னவரே சட்டப்படி முதல் உரிமையாளர். எழுதி வாங்குங்கள். பின்னணியில் ஓடும் சினிமாப் பாட்டு அவருடையது இல்லை, ஒலியை எடுத்துவிடுங்கள். வேலை முடிந்ததும் கேசட்டோடு ஒரு பென் டிரைவில் பிரதி போட்டு அந்த வீட்டில் கொடுத்துவிட்டு வாருங்கள்.