அமெரிக்கச் சிற்பி சிமோன் லீ செய்யும் பெண் சிலைகளுக்குக் கண்களே இல்லையே, ஏன்?

கண் இருந்தால் முகத்தைப் பார்த்தே அவள் கதையை ஊகிக்கத் தொடங்கிவிடுவோம். அதற்கு லீ இடம் கொடுப்பதில்லை என்பது என் வாசிப்பு. கறுப்பினப் பெண்களை மற்றவர்கள் உற்றுப் பார்த்த வரலாறு கொஞ்சநஞ்சமா?

'பிரிக் ஹவுஸ்' சிலையை எடுத்துக்கொள்ளுங்கள். 2019-இல் நியூயார்க்கின் ஹை லைன் பூங்காவில் வைத்த 16 அடி வெண்கலம். மேலே பெண்ணின் தலை, உடம்புக்குப் பதில் வீடு போன்ற குவிமாடம். ஆப்பிரிக்காவில் டோகோ, பெனின் பகுதியின் பதம்மலிபா மக்களின் மண்வீடுகளும் கேமரூன், சாட் பகுதியின் முஸ்கும் மக்களின் குடில்களும் அதில் கலந்திருக்கின்றன. அப்புறம், அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தில் ஓர் உணவகம் உண்டு: கறுப்பினப் பணிப்பெண் உருவத்தில் கட்டியது, அவள் பாவாடைக்குள் உட்கார்ந்து சாப்பிட வேண்டும்! மூதாதையரின் கட்டடக்கலையோடு இந்த அசிங்கமான கேலியையும் ஒரே உருவத்தில் சேர்த்ததுதான் துணிச்சல்.

சிகாகோவில் ஜமைக்கப் பெற்றோருக்குப் பிறந்தவர் லீ. சுடுமண், வீடியோ எல்லாம் செய்வார். 2014-இல் புரூக்ளினில் ஓர் இலவச மருத்துவ மையத்தையே கலைப்படைப்பாக நடத்தினார். நாடுகள் தனித்தனி அரங்கு வைக்கும் வெனிஸ் பியனாலே கலைக் கண்காட்சியில், 2022-இல் அமெரிக்காவின் சார்பில் அதன் அரங்கை ஏற்ற முதல் கறுப்பினப் பெண்ணும் இவர்தான். அந்த அரங்குக்கு வைக்கோல் கூரை போட்டுவிட்டார்.